விலை, வட்டி, வரி: சுமை யார் தோளில்?

2023ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள், சிங்கப்பூரில் பொருள் சேவை வரி 7 விழுக்காட்டிலிருந்து 8 விழுக்காடாக உயர்ந்தது. அதே மாதத்தில் அடிப்படைப் பணவீக்கம் 5.5 விழுக்காட்டைத் தொட்டது. பதினான்கு ஆண்டுகளாக நாம் காணாத உயர்வு அது. வங்கிக்கு வீட்டுக்கடன் கேட்டுச் சென்றவருக்கு ஏறத்தாழ 4 விழுக்காட்டு வட்டி காத்திருந்தது. ஆனால், அதே நாள்களில் பாலம் கடந்து ஜொகூர் பாருவுக்குச் சாமான் வாங்கச் சென்றவருக்கு, ஒரு சிங்கப்பூர் வெள்ளிக்கு 3 ரிங்கிட்டுக்கு மேல் கிடைத்தது. விலை, வட்டி, வரி, நாணய மதிப்பு ஆகிய நான்கும் ஒரே மாதத்தில் உயர்ந்து நின்றதை ஒரே குடும்பம் உணர்ந்தது.

விலைவாசி ஏறும் காலத்தில் வரியையும் ஏற்றலாமா? வட்டியை உயர்த்தினால் விலை அடங்கும் என்கிறார்களே, அவ்வாறாயின் சிங்கப்பூரில் வட்டியை உயர்த்தியவர் யார்? காப்பிக்கடை மேசைகளில் அன்று அடிக்கடி எழுந்த வினாக்கள் இவை. இவற்றுக்கு விடை காண வேண்டுமாயின், மேற்சொன்ன நான்கும் ஒன்றையொன்று எவ்வாறு இழுக்கின்றன என்பதை நாம் முதலில் அறிதல் வேண்டும். இவற்றை எளிய தமிழில் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

வீக்கம் வேறு, வளர்ச்சி வேறு

'பணவீக்கம்' என்னும் சொல் தமிழில் மிகப் பொருத்தமாக அமைந்துவிட்டது. குழந்தையின் கால் நீள்வதை நாம் வளர்ச்சி என்கிறோம். நீர் கோத்துக் கால் பருப்பதை வீக்கம் என்கிறோம். இரண்டிலும் அளவு கூடுகிறது. ஆயினும் ஒன்று வலிமை, மற்றொன்று நோய். சம்பளச் சீட்டில் உள்ள எண் பெரிதாகி, அதனைக் கொண்டு வாங்கும் அரிசியும் பருப்பும் கூடவில்லை எனில், நம் வருமானம் வீங்கியிருக்கிறதே அன்றி வளரவில்லை.

இங்கே இரண்டு தெளிவுகள் தேவை. முதலாவது, பணவீக்கம் என்பது விலையின் அளவன்று. விலை ஏறும் வேகம். சிங்கப்பூரின் அடிப்படைப் பணவீக்கம் 2022இல் சராசரியாக 4.1 விழுக்காடு, 2023இல் 4.2 விழுக்காடு. 2021இல் 100 வெள்ளிக்கு வாங்கிய பொருள்களை வாங்க, 2023இல் ஏறத்தாழ 108 வெள்ளி 50 காசு தேவைப்பட்டது. 2024இல் பணவீக்கம் 3 விழுக்காட்டுக்குக் கீழ் இறங்கியது என்ற செய்தியைப் படித்தபோது, 'விலை குறையவே இல்லையே' என்று பலர் வியந்தனர். வியப்புக்கு இடமில்லை. வண்டியின் வேகம் குறைந்ததே தவிர, வண்டி பின்னோக்கி வரவில்லை. 108 வெள்ளி 50 காசு மேலும் சற்று ஏறியது. 100 வெள்ளிக்குத் திரும்பவில்லை.

இரண்டாவது, 'ஒட்டுமொத்தப் பணவீக்கம்', 'அடிப்படைப் பணவீக்கம்' என்னும் இரு அளவுகள் உள்ளன. சிங்கப்பூரில் அடிப்படைப் பணவீக்கம் கணக்கிடப்படும்போது, தங்குமிடச் செலவும் தனியார் போக்குவரத்துச் செலவும் விலக்கப்படுகின்றன. வாகன உரிமைச் சான்றிதழின் விலை ஏலத்துக்கு ஏலம் ஏறி இறங்குவதால், அதனைச் சேர்த்தால் அன்றாடச் செலவின் போக்கு மறைந்துவிடும். 2022 ஆகஸ்ட், செப்டம்பர் மாதங்களில் ஒட்டுமொத்தப் பணவீக்கம் 7.5 விழுக்காடாக இருந்தபோது, அடிப்படை அளவு 5 விழுக்காட்டை ஒட்டியே இருந்தது. வாடகை வீட்டில் இருப்பவருக்கு முதல் அளவே உண்மை. சொந்த வீட்டில் இருந்துகொண்டு பேருந்தில் செல்பவருக்கு இரண்டாம் அளவே நெருக்கமானது.

வாழைமரக் காசு கற்பித்த பாடம்

பணவீக்கம் எத்தகைய கொடுமையாக மாறக்கூடும் என்பதை இம்மண் ஒருமுறை கண்டிருக்கிறது. 1942 முதல் 1945 வரை மலாயாவையும் சிங்கப்பூரையும் ஆண்ட ஜப்பானிய இராணுவம் தன் சொந்த நோட்டுகளை வெளியிட்டது. பத்து வெள்ளி நோட்டில் வாழைமரம் அச்சிடப்பட்டிருந்ததால், மக்கள் அதனை 'வாழைமரக் காசு' என்றனர். தொடக்கத்தில் நோட்டுகளில் வரிசை எண் இருந்தது. பின்னர் அதுவும் இல்லாமல் போயிற்று. செலவுக்குப் பணம் வேண்டும்போதெல்லாம் அச்சு இயந்திரம் ஓடியது. பொருளோ பெருகவில்லை. போர் முடிவை நெருங்க நெருங்க, அரிசிக்கும் மருந்துக்கும் கட்டுக்கட்டாக நோட்டுகளை நீட்ட வேண்டியிருந்தது. 1945 செப்டம்பரில் பிரிட்டிஷார் திரும்பியதும், அந்நோட்டுகள் செல்லாக்காசு ஆயின.

அந்த அரசு அச்சடித்த நோட்டைக் கொடுத்து, மக்களிடமிருந்து உண்மையான பொருளையும் உழைப்பையும் பெற்றுக்கொண்டது. வரி என்று எதனையும் அறிவிக்காமலே, மக்களின் கையிலிருந்த பணத்தின் மதிப்பை அது உறிஞ்சியது. பொருளியலார் இதனைப் 'பணவீக்க வரி' என்பர். அறிவு சார்ந்த வரிக்கும் அறிவற்ற வரிக்கும் உள்ள வேறுபாட்டை, வயலின் நெல்லைக் கவளமாக உண்ணும் யானையையும், அதே வயலுக்குள் தானே புகுந்த யானையையும் காட்டிப் பிசிராந்தையார் பாண்டியன் அறிவுடை நம்பிக்கு உணர்த்தினார். புகுந்த யானை வாயால் உண்பதைவிடக் காலால் அழிப்பது மிகுதி. அச்சடித்த பணத்தால் நடத்தப்படும் ஆட்சி, அவ்வாறு வயலுக்குள் புகுந்த யானை.

மற்றொரு பாடமும் உண்டு. பணவீக்கம் எல்லாரையும் ஒரே வகையாகத் தாக்குவதில்லை. மார்க்கெட் ஸ்திரீட்டில் கிட்டங்கி வைத்திருந்த செட்டியார்களும் ஏனையோரும் போருக்கு முன்பு நல்ல மலாயா வெள்ளியில் கடன் கொடுத்திருந்தனர். அந்தக் கடனை மதிப்பிழந்த வாழைமரக் காசில் திருப்பிச் செலுத்தியவர் தப்பினார், பெற்றுக்கொண்டவர் இழந்தார். அவ்வாறு அடைக்கப்பட்ட கடன்களை எப்படிக் கணக்கிடுவது என்பதற்கு, போருக்குப் பின்னர் 1948இல் தனிச் சட்டமே இயற்ற வேண்டியதாயிற்று. எதிர்பாராத பணவீக்கம் கடன் கொடுத்தவரிடமிருந்து கடன் வாங்கியவருக்குச் செல்வத்தை மாற்றுகிறது என்பதை, இம்மண்ணின் வழக்கு மன்றங்கள் பாடநூலுக்கு முன்பே அறிந்தன.

வட்டி என்னும் கடிவாளம்

இன்று பெரும்பாலான நாடுகள் பணவீக்கத்தை அடக்க வட்டி விகிதத்தையே கடிவாளமாகக் கொள்கின்றன. மத்திய வங்கி தன் அடிப்படை வட்டியை உயர்த்தினால், வங்கிகள் தாம் வழங்கும் கடன்களின் வட்டியை உயர்த்துகின்றன. வீடு வாங்க நினைத்தவர் தள்ளிப்போடுகிறார். கடையை விரிவாக்க எண்ணியவர் காத்திருக்கிறார். கையில் பணமுள்ளவர் செலவழிப்பதற்குப் பதில் வைப்பில் இடுகிறார். வாங்குவோர் குறையும்போது, விற்போர் விலையை ஏற்றத் தயங்குகின்றனர்.

இங்கே கவனிக்க வேண்டியது பெயரளவு வட்டியை அன்று, உண்மை வட்டியை. வைப்புக்கு 5 விழுக்காட்டு வட்டி கிடைத்தும் விலைவாசி 7 விழுக்காடு ஏறினால், சேமித்தவர் ஆண்டுக்கு ஏறத்தாழ 2 விழுக்காடு இழக்கிறார். கடன் வாங்கியவரோ அதே அளவு ஆதாயம் பெறுகிறார். ஆகவே, பணவீக்கத்தைவிட வட்டி மேலோங்கி நிற்கும் வரை கடிவாளம் இறுகுவதில்லை.

அமெரிக்க மத்திய வங்கி 2022 மார்ச்சில் ஏறத்தாழச் சுழியமாக இருந்த தன் வட்டியை, 2023 ஜூலைக்குள் 5.25 முதல் 5.50 விழுக்காடு வரையிலான நிலைக்குக் கொண்டு சென்றது. 2022 ஜூனில் அந்நாட்டின் பணவீக்கம் 9.1 விழுக்காட்டை எட்டியதே காரணம். இக்கடிவாளத்தின் விலையையும் அந்நாடு முன்பு கண்டிருக்கிறது. 1979இல் பொறுப்பேற்ற பால் வோல்க்கர் வட்டியை 20 விழுக்காட்டளவுக்கு ஏற விட்டார். பணவீக்கம் அடங்கியது, ஆனால் 1982இன் இறுதியில் வேலையின்மை 10 விழுக்காட்டைத் தாண்டியது. விலை அடங்குவதற்கான விலையை, வேலை இழந்தோர் செலுத்தினர்.

நம் அண்டை நாடான மலேசியாவும் இவ்வழியையே பின்பற்றுகிறது. பேங்க் நெகாரா, 'ஓவர்நைட்' கொள்கை வட்டி எனப்படும் ஒரே நாள் கடன் வட்டியை நிர்ணயிக்கிறது. நோய்ப்பரவல் காலத்தில் 1.75 விழுக்காட்டுக்குக் குறைக்கப்பட்ட அவ்வட்டி, 2022 மே முதல் ஐந்து படிகளாக உயர்ந்து 2023 மேயில் 3 விழுக்காடாயிற்று.

வட்டியால் ஆகாத செயல்களும் உள. 2022 ஜூன் முதல் நாள் மலேசியா தன் உள்நாட்டுத் தேவையை முன்னிட்டுக் கோழி ஏற்றுமதியை நிறுத்தியது. சிங்கப்பூர் இறக்குமதி செய்த கோழியில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு அங்கிருந்தே வந்துகொண்டிருந்தது. எந்த மத்திய வங்கி வட்டியை எவ்வளவு உயர்த்தினாலும் கோழி முட்டையிடப் போவதில்லை. பற்றாக்குறையால் வரும் விலையேற்றத்தில், வட்டி வாங்குவோரின் தேவையை மட்டுமே குறைக்கும், பொருளைப் பெருக்காது.

சிங்கப்பூர் தேர்ந்த வேறு வழி

சிங்கப்பூர் நாணய ஆணையம் வட்டியை நிர்ணயிப்பதில்லை. இதனை அறியாமலே நம்மில் பலர் 'அரசு வட்டியை ஏற்றிவிட்டது' என்று பேசுகிறோம். 1981 முதல், ஆணையத்தின் கருவி வெள்ளியின் மாற்று மதிப்பு. அக்காலத்தில் ஆணையத்தின் தலைவராக இருந்தவர் கோ கெங் சுவீ.

காரணம் எளிது. இந்நாட்டில் விளையும் பொருள் மிகக் குறைவு. அரிசி, பருப்பு, எண்ணெய், எரிவாயு, உடை என அனைத்தும் கடல் கடந்தோ பாலம் கடந்தோ வருகின்றன. நாட்டின் வணிகம், அதன் மொத்த உற்பத்தி மதிப்பைப் போல் ஏறத்தாழ மூன்று மடங்கு. ஆகவே, உள்நாட்டுக் கடன் வட்டியைவிட, வெளிநாட்டுப் பொருளை எத்தனை வெள்ளி கொடுத்து வாங்குகிறோம் என்பதே விலைவாசியை வலுவாக ஆட்டுகிறது. ஒரு கிலோ பருப்பின் உலகச் சந்தை விலை ஓர் அமெரிக்க டாலர் என்று வைத்துக்கொள்வோம். ஒரு டாலருக்கு 1 வெள்ளி 40 காசு கொடுத்த நாம், வெள்ளி வலுத்தபின் 1 வெள்ளி 33 காசு கொடுத்தால் போதும். உலக விலை 5 விழுக்காடு ஏறினாலும், நம் இறக்குமதிச் செலவு ஏறுவதில்லை.

ஆணையம் அமெரிக்க டாலரை மட்டும் பார்ப்பதில்லை. நாம் வணிகம் செய்யும் நாடுகளின் நாணயங்களை ஒரு கூடையாக்கி, வணிகத்தின் அளவுக்கேற்ப எடையிட்டு, அக்கூடைக்கு எதிரான வெள்ளியின் மதிப்பை ஒரு வரம்புக்குள் வைத்திருக்கிறது. அவ்வரம்பு மேல்நோக்கிச் செல்லும் சரிவின் கோணம், வரம்பின் அகலம், அதன் நடுநிலை ஆகிய மூன்றையும் மாற்றியமைப்பதே அதன் நாணயக் கொள்கை. வெள்ளி வரம்பை மீற முனைந்தால், ஆணையம் சந்தையில் வெள்ளியை விற்றோ வாங்கியோ தலையிடுகிறது.

2021 அக்டோபர் முதல் 2022 அக்டோபர் வரை ஆணையம் ஐந்து முறை இக்கொள்கையை இறுக்கியது. 2022 ஜனவரியிலும் ஜூலையிலும் வழக்கமான அறிவிப்புக் காலத்துக்காகக் காத்திராமலே செயல்பட்டது. ஜொகூர் பாருவில் நமக்குக் கூடுதலாகக் கிடைத்த ரிங்கிட்டின் பின்னணியில் இதுவும் இருந்தது. 1973 மே வரை ஒரு வெள்ளிக்கு ஒரு ரிங்கிட் என்று இருபுறமும் ஒன்றுக்கொன்று செல்லுபடியான நாணயங்கள், 2024இன் தொடக்கத்தில் ஒன்றுக்கு மூன்றரை என்னும் நிலையைத் தொட்டன.

இவ்வழியும் இலவசமன்று. வெள்ளி வலுக்கும்போது, இங்கிருந்து ஏற்றுமதி செய்வோரின் பொருள் வெளிநாட்டாருக்கு விலை கூடியதாகத் தோன்றும். சுற்றுப்பயணியருக்கும் இந்நகரம் செலவு மிக்கதாகும். ஆணையத்தின் கணக்கேட்டிலும் சுமை விழுந்தது. 2022 ஏப்ரல் முதல் 2023 மார்ச் வரையிலான நிதியாண்டில் அது 30.8 பில்லியன் வெள்ளி நிகர இழப்பைக் காட்டியது. அதில் பெரும்பகுதி, வெளிநாட்டு நாணயங்களில் வைத்திருந்த சொத்துகளை வலுத்த வெள்ளியில் கணக்கிட்டபோது எண் சுருங்கியதால் நேர்ந்தது. மேலும், மாற்று மதிப்பு இறக்குமதி விலையைத்தான் தணிக்கும். வீட்டு வாடகை, வாகன உரிமைச் சான்றிதழ், உணவங்காடிக் கடையில் தோசை வார்ப்பவரின் கூலி ஆகியவற்றை அது நேரடியாகக் குறைக்க இயலாது.

வெளியிலிருந்து வந்த வட்டி

அவ்வாறாயின், 2022இல் நம் வீட்டுக்கடன் வட்டி ஏன் ஏறியது? பொருளியலில் ஒரு விதி உண்டு. பணம் நாட்டுக்குள் தடையின்றி வந்துசெல்ல வேண்டும். நாணய மாற்று மதிப்பை நாமே நிர்வகிக்க வேண்டும். வட்டியையும் நாமே தீர்மானிக்க வேண்டும். இம்மூன்றில் இரண்டை மட்டுமே ஒரு நாடு பெற முடியும். சிங்கப்பூர் முதல் இரண்டைத் தேர்ந்துகொண்டது, மூன்றாவதை விட்டுக்கொடுத்தது. எனவே, அமெரிக்காவில் வட்டி ஏறினால், இங்குள்ள பணம் அங்கே செல்லாதிருக்க இங்கும் வட்டி ஏறுகிறது. வெள்ளி வலுக்கும் என்னும் எதிர்பார்ப்பு இருப்பதால், பெரும்பாலும் அமெரிக்க வட்டியைவிடச் சற்றுக் குறைவாகவே நிற்கிறது.

இதன் விளைவை ஓர் எடுத்துக்காட்டில் காண்போம். 25 ஆண்டுகளில் அடைக்க வேண்டிய 4 இலட்சம் வெள்ளி வங்கிக் கடனுக்கு, 1.3 விழுக்காட்டு வட்டியில் மாதத் தவணை ஏறத்தாழ 1,560 வெள்ளி. வட்டி 4.25 விழுக்காடானால் தவணை ஏறத்தாழ 2,170 வெள்ளி. மாதம் 600 வெள்ளி கூடுதல். ஒரு குடும்பத்தின் மளிகைச் செலவு அது. ஆனால், பக்கத்து வீட்டுக்காரர் வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தின் சலுகைக் கடனைப் பெற்றிருந்தால், அவருடைய வட்டி 2.6 விழுக்காட்டிலேயே நின்றது. பணவீக்கம் 4 விழுக்காட்டைத் தாண்டியிருந்த அவ்வாண்டுகளில், சம்பளமும் உடன் உயர்ந்திருந்தால், அவருடைய கடனின் உண்மைச் சுமை குறைந்தது. ஒரே மாடியில் எதிரெதிர் கதவுகளுக்குப் பின்னால் இரண்டு வேறு பொருளாதாரங்கள் நடந்தன.

சேமிப்பின் நிலை இதற்கு நேர்மாறு. மத்திய சேமநிதியின் சாதாரணக் கணக்கில் அடிப்படை வட்டி 2.5 விழுக்காடு. கூடுதல் வட்டியைச் சேர்க்காது பார்த்தால், அதில் இருந்த 10,000 வெள்ளி இரண்டு ஆண்டுகளில் ஏறத்தாழ 10,506 வெள்ளியாகும். 2021இல் 10,000 வெள்ளிக்குக் கிடைத்த பொருள்களின் விலையோ 2023இல் ஏறத்தாழ 10,850 வெள்ளி. எண் கூடியது, வாங்கும் ஆற்றல் குறைந்தது. 2022 டிசம்பரில் ஆறு மாத அரசாங்கக் கருவூலப் பத்திரத்தின் ஆதாயம் 4.40 விழுக்காட்டைத் தொட்டபோது, சேமநிதிப் பணத்தை அதில் இட விரும்பியோர் வங்கிகளில் வரிசையில் நின்றதன் காரணம் இதுவே. வரிசையில் நின்றவர் விவரம் அறிந்தவர். விவரம் அறியாத முதியவரின் பணம் இருந்த இடத்திலேயே இருந்தது. பொருளியல் அறிவு எம்மொழியில் கிடைக்கிறது என்பதற்கும் வருமானத்துக்கும் தொடர்பு உண்டு என்பதை இங்கே காண்கிறோம்.

வரி ஏற்றம் எத்தகைய ஏற்றம்?

இனி, நாம் தொடங்கிய வினாவுக்கு வருவோம். பொருள் சேவை வரி 1994 ஏப்ரலில் 3 விழுக்காடாகத் தொடங்கி, 2003இல் 4, 2004இல் 5, 2007 ஜூலையில் 7 என வளர்ந்தது. மேலும் 2 விழுக்காடு உயரும் என்று 2018ஆம் ஆண்டு வரவுசெலவுத் திட்டத்திலேயே அறிவிக்கப்பட்டது; மூப்படையும் மக்கள்தொகைக்கான மருத்துவச் செலவு முதலியன காரணங்களாகக் கூறப்பட்டன. நோய்ப்பரவலால் அது தள்ளிப்போயிற்று. இறுதியில் 2023இல் 8, 2024இல் 9 எனப் பிரித்து உயர்த்தப்பட்டது. அவ்வாண்டுகளில் பணவீக்கம் இவ்வளவு உயர்ந்து நிற்கும் என்பதை 2018இல் எவரும் அறிந்திருக்க இயலாது.

கணக்கைப் பார்ப்போம். வரிக்கு முன் 100 வெள்ளி விலையுள்ள பொருள் 107 வெள்ளியிலிருந்து 108 வெள்ளியாயிற்று. ஏற்றம் ஒரு விழுக்காட்டுக்குச் சற்றுக் குறைவு. இரண்டு படிகளும் முடிந்தபின் 109 வெள்ளி. மொத்த ஏற்றம் ஏறத்தாழ 1.9 விழுக்காடு. இது படிக்கட்டில் ஒரு படி ஏறுவதைப் போன்றது. ஏறிய ஆண்டில் பணவீக்கக் கணக்கில் தெரியும். பன்னிரண்டு மாதம் கழிந்தபின் கணக்கிலிருந்து மறையும். ஆனால் விலை அப்படியிலேயே நிற்கும். மலேசியாவில் இதன் மறுபக்கத்தைக் காணலாம். 2018 ஜூன் முதல் நாள் அங்கே 6 விழுக்காட்டுப் பொருள் சேவை வரி சுழியமாக்கப்பட்டது. மே மாதத்தில் 1.8 விழுக்காடாக இருந்த பணவீக்கம் ஜூனில் 0.8 விழுக்காடாயிற்று. செப்டம்பரில் விற்பனை, சேவை வரி மீண்டும் வந்தது. வரி, பணவீக்கத்தை ஒரு காலத்துக்கு மட்டுமே நகர்த்துகிறது; தொடர்ந்து ஓடச் செய்வதில்லை.

எனவே மத்திய வங்கிகள் வரியால் வரும் முதல் விலையேற்றத்தைக் கண்டு கொள்கையை மாற்றுவதில்லை. அவை அஞ்சுவது இரண்டாம் சுற்றை. வரி ஒரு விழுக்காடு ஏறியதைச் சாக்காக்கி வணிகர் ஐந்து விழுக்காடு ஏற்றினால், அதைக் கண்டு ஊழியர் கூடுதல் சம்பளம் கேட்டால், அதனைக் காட்டி மீண்டும் விலை ஏறினால், படி ஓடும் ஏணியாகிவிடும். ஏற்கெனவே விலைவாசி ஏறிக்கொண்டிருக்கும் காலத்தில் இவ்வாபத்து மிகுதி. 2022இல் கொள்ளை இலாபத்துக்கு எதிரான குழு ஒன்றை அரசு அமைத்ததன் காரணம் இதுவே.

மறுபுறம், வரி மக்களின் கையிலிருந்து செலவழிக்கும் ஆற்றலை எடுப்பதால், காலப்போக்கில் தேவையைத் தணிக்கவும் செய்கிறது. அவ்வகையில் வட்டி உயர்வும் வரி உயர்வும் ஒரே திசையில் செல்வன. வேறுபாடு, யாரைத் தொடுகின்றன என்பதில் உள்ளது. வட்டி கடன்பட்டவரைத் தொடும்; பொருள் சேவை வரி பொருள் வாங்கும் அனைவரையும் தொடும். வருமானம் முழுவதையும் அன்றாடச் செலவுக்கே கொடுக்கும் குடும்பத்தின் வருமானத்தில் இவ்வரியின் பங்கு மிகுதி; பாதியைச் சேமிக்கும் குடும்பத்துக்குக் குறைவு.

இதனை ஈடுசெய்ய வந்ததே உத்தரவாதத் தொகுப்புத் திட்டம். 2020இல் 6 பில்லியன் வெள்ளியாக அறிவிக்கப்பட்டுப் பின்னர் பலமுறை உயர்த்தப்பட்டது. பெரும்பாலான குடும்பங்களுக்கு ஐந்து ஆண்டுகளுக்கும், குறைந்த வருமானக் குடும்பங்களுக்கு ஏறத்தாழ பத்து ஆண்டுகளுக்கும் கூடுதல் வரிச்சுமையை இது ஈடுகட்டும் என்று அரசு கூறியது. குறைந்த வருமானத்தாருக்கான பொருள் சேவை வரிப் பற்றுச்சீட்டு நிரந்தரமாகத் தொடர்கிறது. இங்கும் ஓர் இழுபறி உண்டு. வரி தேவையைக் குறைக்கிறது. பற்றுச்சீட்டு அத்தேவையை மீட்டுத் தருகிறது. எல்லாருக்கும் சமமாகக் கொடுத்தால் பணவீக்கத்துக்கு எண்ணெய் வார்ப்பதாகும். இல்லாதவருக்கு மட்டும் கொடுத்தால் நடுத்தர வருமானத்தார் 'நமக்கென்ன' என்று கேட்பர்.

பணவீக்கம் வரிக்கு வரியும் கூட்டுகிறது என்பதையும் மறத்தலாகாது. வருமான வரிப் படிகள் விலைவாசியோடு சேர்ந்து தாமாக உயர்வதில்லை. விலையேற்றத்துக்கு ஈடாகச் சம்பளம் 4 விழுக்காடு உயர்ந்தவர், வாங்கும் ஆற்றலில் ஒன்றும் கூடாமலே உயர்ந்த வரிப்படிக்குள் நுழையக்கூடும். வட்டி வருமானத்திலும் இவ்வாறே. சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் தனிமனிதர் வங்கி வைப்புக்குப் பெறும் வட்டிக்கு வரி இல்லை. இந்தியாவில் உண்டு. அங்கே 7 விழுக்காட்டு வட்டி பெறும் ஒருவர் 30 விழுக்காட்டு வரிப்படியில் இருந்தால், கையில் நிற்பது 4.9 விழுக்காடு. விலைவாசி 5 விழுக்காடு ஏறினால், அவர் வட்டியே பெறவில்லை. ஆயினும் வரி கட்டுகிறார். ஊரில் வைப்பு வைத்திருக்கும் நம்மவர், வட்டி விகிதத்தை மட்டும் ஒப்பிட்டு மகிழ்வதற்கு முன் இக்கணக்கையும், ரூபாயின் மாற்று மதிப்பையும் சேர்த்துப் பார்த்தல் நலம்.

நாம் கேட்க வேண்டிய வினா

விலைவாசி ஏறும் காலத்தில் வரியை ஏற்றலாமா என்னும் வினாவுக்கு, 'ஆம்', 'இல்லை' என்னும் ஒற்றைச் சொல் விடை இல்லை. நீண்டகாலச் செலவுக்கு நிலையான வருவாய் வேண்டும் என்பதும், வரியைத் தள்ளிப்போட்டால் பற்றாக்குறையே பின்னொரு நாள் வேறு சுமையாக வரும் என்பதும் ஒரு பக்கத்து நியாயம். விலையேற்றத்தால் ஏற்கெனவே வளைந்திருக்கும் முதுகில் இன்னொரு படியை ஏற்றுவது தவறான நேரம் என்பதும், ஈட்டுத்தொகை முடிந்தபின்னும் வரி தொடரும் என்பதும் மறுபக்கத்து நியாயம். இரண்டையும் அறிந்தவரே இதில் கருத்துரைக்கத் தகுதி உடையவர்.

நாம் கண்டவற்றைத் தொகுத்துப் பார்த்தால் ஓர் உண்மை விளங்கும். பணவீக்கத்தைச் சுமையின்றி அடக்கும் கருவி எதுவும் இல்லை. அதனை ஓடவிட்டால், சேமித்தவரும் நிலையான வருமானத்தாரும் சுமப்பர். வட்டியை உயர்த்தினால், கடன்பட்டவரும் வேலை இழப்போரும் சுமப்பர். நாணயத்தை வலுப்படுத்தினால், ஏற்றுமதியாளரும் மத்திய வங்கியின் கணக்கேடும் சுமக்கும். வரியை உயர்த்தினால் எல்லாரும் சுமப்பர். ஈட்டுத்தொகை இல்லையேல் எளியவர் கூடுதலாகச் சுமப்பர். கருவியைத் தேர்வது வல்லுநர் பணி. சுமையை எவ்வாறு பகிர்வது என்பதோ குடிமக்கள் அனைவரும் பேச வேண்டிய பொருள்.

அப்பேச்சு நம் வீடுகளில் தமிழிலேயே நிகழ இயலும். வரவுசெலவுத் திட்டம் அறிவிக்கப்படும் நாளிலோ, நாணய ஆணையம் தன் முடிவை வெளியிடும் நாளிலோ, செய்தியைக் கேட்டபின் மூன்று வினாக்களை நாம் எழுப்பிப் பார்ப்போம். மாறியது விலையின் அளவா, விலையேறும் வேகமா? நமக்குக் கிடைக்கும் வட்டி, விலைவாசியைக் கழித்தபின் எவ்வளவு? இம்முடிவின் சுமை யார் தோளில் விழுகிறது, அத்தோளுக்கு எத்தகைய துணை தரப்பட்டிருக்கிறது? இம்மூன்றையும் வீட்டிலுள்ள முதியவருக்கும் இளையவருக்கும் விளங்குமாறு நாம் தமிழில் விடையளிக்கத் தொடங்கினால், அடுத்த முறை விலை ஏறும்போது, விவரம் அறியாமையால் இழப்போரின் எண்ணிக்கையேனும் குறையும்.